கஸ்பர் வந்து நின்ற வீடுகள்

மன்னார்
11.08.2025

அன்புள்ள தங்கச்சி கிளறிற்றாவுக்கு,

கையெழுத்தைப் பார்த்தவுடன் கிழித்துப் போட நினைப்பாய். ஆகவே சொல்ல வந்ததை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அடுத்த மாதம் லண்டனுக்கு வருகிறேன். விசா கிடைத்துவிட்டது. என் சரித்திரத்தை வாசித்த பிறகும் தந்திருக்கிறார்கள் என்றால் அந்த அதிகாரி அன்று நல்ல மனநிலையில் இருந்திருக்க வேண்டும்.

என் நம்பரை உன் போனில் தடை செய்து மூன்று வருடமாகிறது. வேறொருவர் போனிலிருந்து எடுத்துப் பார்க்கலாம்தான். ஆனால் போனில் மனம்விட்டுக் கதைக்கிற பழக்கம் எனக்கு எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. இயக்கத்தில் இருந்தபோது யாரோ ஒட்டுக்கேட்கிறார்கள் என்று பயம். புனர்வாழ்வு முகாமிலிருந்து வெளியே வந்தபோது நிச்சயமாகக் கேட்கிறார்கள் என்று தெரிந்தது. மாகாணசபை உறுப்பினரான பிறகு சொந்தக் கட்சிக்காரரே கேட்டார்கள். முத்திரை ஒட்டிய கடிதம்தான் எனக்குத் தோது.

வருகிற காரணம் அரசியல். மாகாணசபைத் தேர்தல் கெதியில் வருமென்று இங்கே பலமாகக் கதைக்கிறார்கள். சபை கலைந்து ஏழு வருடமாகிவிட்டது, ஏழு வருடமும் ‘முன்னாள்’ என்கிற சொல்லைச் சுமந்துகொண்டு திரிந்துவிட்டேன். கட்சி எனக்கு மறுபடி இடம் தருவதென்றால், லண்டனிலுள்ள நம் ஊர்ச் சங்கம் என் பக்கம் நிற்க வேண்டும். அவர்கள் இங்கே ஒரு சொல் சொன்னால் ஒவ்வொரு வீட்டிலும் நாலு வாக்கு அசையும். அதற்கு நேரில் வந்து முகம் காட்ட வேண்டும்.

உன் வீட்டில் தங்க ஆசைப்படுகிறேன். உன் கணவர் மேர்வினுக்கு நெஞ்சில் ஒப்பரேசன் செய்யப்போகிறார்கள் என்று அங்கே ஹவுன்ஸ்லோவில் இருக்கிற நம் ஊர் றொனால்ட் சொன்னான். இந்த நேரத்தில் ஒரு ஆம்பிளைத் துணை வீட்டிலிருந்தால் உனக்கும் நல்லதுதானே. நான் யாருக்கும் கரைச்சல் தரமாட்டேன். ஒரு பாயும் தலையணையும் போதும்.

நம் வயதுக்கு இந்தக் கோபம் போதும், கிளறி. பதில் போடு.

உன் அண்ணன்
கஸ்பர்


இல்ஃபோர்ட்
27.08.2025

அண்ணை,

உங்களுடைய கடிதத்தைக் கிழிக்கவில்லை. மேர்வின் கிழிக்க விடவில்லை. அவர் அதை இரண்டு தரம் வாசித்துவிட்டு, “பாவம் மனிசன், வரட்டுமன்” என்றார். அவர் யாரையும் வரச் சொல்வார். நான் சொல்லமாட்டேன்.

என் வீட்டுக்கு வராதீங்கோ.

காரணம் உங்களுக்குத் தெரியும், இருந்தும் எழுத்தில் தருகிறேன். நீங்கள் சங்கத்துக்காரருக்கு முகம் காட்ட வருகிறீர்கள், உங்கள் முகத்தைக் கண்டால் சனம் பயப்படுகிறதே, அதைப்பற்றி ஒரு வரி எழுதினீர்களா?

இயக்கத்தில் உங்களுக்குக் கொடுத்த வேலை செத்த பிள்ளைகளின் வீடுகளுக்குச் செய்தி கொண்டுபோவது. அந்த மோட்டார் சைக்கிளில் வந்து, வாசல் படலைக்கு வெளியே நின்று, கைகளைப் பின்னால் கட்டி, காலை அகட்டி நிற்பீர்கள். நீங்கள் வாய் திறக்க முதலே தாய்மார் விழுந்துவிடுவார்கள். அது உங்கள் கடமை, அதை நான் ஒருநாளும் குற்றமாகச் சொன்னதில்லை. ஆனால் பிலோமினம்மாவின் வீட்டு வாசலில் போய் நின்றீர்களே. நான் அப்போது பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தேன், அந்த ஒப்பாரி இன்னும் காதில் இருக்கிறது. ஊரே கூடி, பந்தல் போட்டு, பாதரும் வந்து செபம் சொன்ன பிறகு அந்த வீட்டுப் பிள்ளை உயிரோடு லீவில் வந்து இறங்கினான். தன்னுடைய செத்தவீட்டுக்குத் தானே வந்திருக்கிறேன் என்று சிரித்தான். ஒரே இயக்கப் பெயரில் இரண்டு பேர் இருந்தபடியால் வீடு மாறிப் போனேன் என்றீர்கள். செத்தவரின் பெயரை அடுத்தவருக்கு வைப்பது அங்கே வழக்கம்தான், சனமும் நம்பிச் சிரித்தது. அந்தக் கிழமை முடிய முதல் அவன் பெட்டியில் வந்தான். கொண்டுவந்ததும் நீங்கள்தான்.

பிறகு உறுப்பினரானீர்கள். மற்ற அரசியல்வாதிகள் கலியாணவீட்டுக்குப் போவார்கள், நீங்கள் செத்தவீட்டுக்குப் போனீர்கள், ஒன்றையும் விடவில்லை. அதனால்தான் தேர்தலில் வெண்டீர்கள் என்று சனம் சொல்லும். ஆனால் சில வீடுகளில் ஆள் சாக முதலே வந்து நின்றீர்களாம். வாத்தியார் வீட்டில், ஊரிலுள்ள மீனவர் சங்கத் தலைவர் வீட்டில். ‘கஸ்பர் முன்னுக்கு வந்தால் பாதர் பின்னுக்கு வருவார்’ என்று ஊரில் சொல்லுகிற கதை இங்கே ஞாயிற்றுக்கிழமைத் தமிழ்ப் பூசையிலும் கேட்கிறது. நான் தலையைக் குனிந்துகொண்டு நிற்கிறேன்.

இதையெல்லாம் நான் பொறுப்பேன். அம்மாவின் விசயத்தைப் பொறுக்கமாட்டேன். பக்கத்து வீட்டு மெற்றில்டா அக்கா பொய் சொல்லுகிறவ இல்லை. முதல்நாள் பின்னேரம் நீங்கள் முற்றத்தில் நின்றதை அவ கண்டிருக்கிறா. நின்றுவிட்டு, உள்ளே போகாமல், ஒரு வார்த்தை கேட்காமல் திரும்பிப் போயிருக்கிறீர்கள். அடுத்த நாள் அம்மா தனியே கிடந்து செத்தா. உள்ளே போயிருந்தால் மூச்சுத் திணறுவதைக் கண்டிருப்பீர்கள். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருப்பீர்கள். அம்மாவைவிட எந்த மீட்டிங் பெரிசு? கேட்டேன், நீங்கள் வாய் திறக்கவில்லை. அன்றைக்குத்தான் உங்கள் நம்பரைத் தடை செய்தேன்.

மேர்வினுக்கு ஒக்ரோபர் பதினாலாம் திகதி ஒப்பரேசன். இருபத்தெட்டு வருடம் பஸ் ஓட்டிய மனிசன், இப்போது மாடிப்படி ஏற ஏலாமல் நிற்கிறார். எனக்கு அவரைவிட்டால் இங்கே ஒருவரும் இல்லை. நீங்கள் கெட்டவர் என்று நான் சொல்லவில்லை. என் படலைக்குள் வராதீங்கோ, அவ்வளவுதான்.

கிளறிற்றா


ஹவுன்ஸ்லோ
21.09.2025

அன்புள்ள கிளறி,

வந்து சேர்ந்துவிட்டேன். பக்கத்தில் இருந்துகொண்டு கடிதம் எழுதுவதைப் பார்த்து றொனால்ட் சிரிக்கிறான். அவனுக்கு ஏர்போர்ட்டில் கார்கோ வேலை, வீடும் விமானம் இறங்குகிற பாதைக்கு நேர் கீழே. காலையில் தேத்தண்ணீர்க் கோப்பை மேசையில் தானாக நகர்கிறது. முதல்நாள் சத்தம் கேட்டவுடன் நிலத்தில் குப்புறப் படுத்துவிட்டேன். அவன் மனைவி என்னைத் தாண்டிப் போய் அடுப்பை அணைத்தாள்.

நீ எழுதியதற்கு எதிர்வாதம் செய்யப்போவதில்லை. சபையில் நாலு மணித்தியாலம் பேசச் சொன்னாலும் பேசுவேன், இழுவைப் படகுகளைப் பற்றிப் பேசித் தலைவரையே தூங்க வைத்தவன் நான். உன்னிடம் பேச்சு வரவில்லை. நீ வராதே என்றாய், நான் வரமாட்டேன். இதை அம்மாவின் பேரில் எழுதித் தருகிறேன்.

நேற்று மனோர் பார்க்கில் ஒரு மண்டபத்தில் சங்கக் கூட்டம் நடந்தது. நல்ல கூட்டம். றொனால்ட் என்னை எலிசபெத் லைன் ரயிலில் கூட்டிப்போனான். அடுத்த ஸ்டேஷன் உன்னுடையது என்று ரயிலில் எழுத்து ஓடியது. இறங்கிக் கதவு மூடும்வரை நின்று பார்த்தேன், வேறொன்றும் செய்யவில்லை.

கூட்டத்தில் பொன்னாடை போட்டார்கள். கைதட்டினார்கள். ஒருவராவது “அண்ணை, எங்கட வீட்டை ஒருக்கா வந்திட்டுப் போங்கோ” என்று சொல்வார்கள் என்று எதிர்பார்த்தேன். ஊர்க்காரன் ஒருவன் லண்டன் வந்தால் வீட்டுக்கு வீடு இழுத்துப்போய்ச் சாப்பாடு போடுவது நம் வழக்கமல்லவா? ஒருவரும் கேட்கவில்லை. கடைசியில் ஒரு வயதான மனிதரிடம் நானே வெட்கத்தை விட்டு, உங்கள் வீடு எந்தப் பக்கம் என்று கேட்டேன். அவர் முகம் வெளிறிப் போய், வீடு மாறுகிறோம், இன்னும் விலாசம் நிச்சயமில்லை என்றார். அவர் அதே வீட்டில் முப்பது வருடமாக இருக்கிறாராம், றொனால்ட் பிறகு சொன்னான்.

வலித்தது, கிளறி. துவக்குப் பிடித்த காலத்தில் என்னைக் கண்டு பயந்தார்கள் என்றால் அதில் ஒரு நியாயம் இருக்கிறது. இப்போது இரண்டு விரல் இல்லாத கையும் சீனி வருத்தமும் உள்ள ஒரு கிழவன் நான். வாக்குக் கேட்கப் போகிறவன் வீட்டுக்குள் போக முடியாவிட்டால் எப்படிக் கேட்பது? கட்சிக்காரர் இதைத்தான் சாட்டாகச் சொல்லப்போகிறார்கள்.

ஒக்ரோபர் கடைசிவரை இங்கே இருப்பேன். ஒப்பரேசன் முடிந்த பிறகு எங்காவது ஒரு ஸ்டேஷனில், ரயிலுக்குக் காத்திருக்கிற வாங்கிலில் பத்து நிமிடம் என்னோடு இருந்துவிட்டுப் போகலாமா? வீட்டுக்குக் கேட்கவில்லை.

மேர்வினுக்காகக் கோவிலில் மெழுகுதிரி வைத்தேன்.

கஸ்பர்


இல்ஃபோர்ட்
01.10.2025

அண்ணை,

அம்மாவின் பேரில் எழுதித் தந்த சத்தியம் பத்து நாள்கூட நிற்கவில்லை.

நேற்று மத்தியானம் ஏன் வந்தீங்கள்?

நான் முன்வாசலில் குப்பைத் தொட்டியை வெளியே இழுத்துக்கொண்டிருந்தேன். மழை பெய்துகொண்டிருந்தது. தலை நிமிர்ந்தால், றோட்டின் அந்தப் பக்கம் எங்கள் வீட்டுக்கு நேரே நிற்கிறீர்கள். வெள்ளைச் சட்டை, கறுத்தக் காற்சட்டை. கைகள் பின்னால். நான் உங்களைப் பதினாறு வருடமாக நேரில் காணவில்லை, ஆனால் அந்த நிற்கிற விதத்தை எங்கே கண்டாலும் தெரியும். என்னை நீங்கள் பார்க்கவில்லை. மேலே மேர்வின் படுத்திருக்கிற அறையின் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு நின்றீர்கள்.

தொட்டியை அப்படியே விட்டேன். “அண்ணை” என்று கூப்பிட்டேன். ஒரு பார்சல் வான் நடுவில் வந்து நின்றது. அது விலகின பிறகு நீங்கள் இல்லை. சந்திவரைக்கும் சிலிப்பரோடு ஓடினேன். எங்கே போய் ஒளித்தீர்கள்?

திரும்பி வந்தால் மேர்வின் படியில் பாதி இறங்கி நிற்கிறார். இறங்கவே கூடாத மனிசன். முகமெல்லாம் சந்தோசம். “கொண்ணை வெளியிலை நிக்கிறார், கண்டனீரோ? பாவம், மழைக்குள்ளை நிக்கிறார். உள்ளுக்குக் கூப்பிட்டுத் தேத்தண்ணி குடும்” என்றார். உங்களுக்குக் கையைக் காட்டினாராம், நீங்கள் திருப்பிக் காட்டவில்லையாம். நான் அவரைப் பிடித்துக்கொண்டு படியிலேயே இருந்து அழுதேன்.

பிறகு தேத்தண்ணீர் ஊற்றும்போதுதான் யோசித்தேன். நான் குப்பைத் தொட்டிக்குப் போய் வருவதற்குள் தெப்பமாக நனைந்துவிட்டேன். உங்கள் சட்டை நனைந்திருக்கவில்லை. சலவை மடிப்போடு இருந்தது. குடையும் இல்லை. இதை மேர்வினிடம் சொல்லவில்லை.

நான் இப்போது கோபத்தில் எழுதவில்லை. உங்கள் காலைப் பிடித்துக் கேட்கிறேன். அங்கே நின்று என்னத்தைப் பார்த்தீர்கள்? அவரைத்தான் பார்த்தீர்களா? இன்னும் இரண்டு கிழமை இருக்கிறது. ஒப்பரேசனைத் தள்ளிவைக்கச் சொல்லவா, செய்யச் சொல்லவா? உங்களுக்குத் தெரிந்ததைச் சொல்லுங்கோ.

கிளறிற்றா


ஹவுன்ஸ்லோ
03.10.2025

அன்புள்ள தங்கச்சி,

முதலில் இதை வாசி. செவ்வாய்க்கிழமை நான் இந்த வீட்டை விட்டு வெளியே போகவில்லை. திங்கள் இரவிலிருந்து காய்ச்சல். மத்தியானம் றொனால்ட்டின் மனைவி கஞ்சி கொண்டுவந்து வைத்தாள், அவள் பார்த்துக்கொண்டிருக்கக் குடித்தேன். றொனால்ட்டைக் கேள். நான் எழுதிய சத்தியத்தை மீறவில்லை.

இனி, முப்பது வருடத்துக்கு மேலாக ஒருவரிடமும் சொல்லாத விசயம். இதைப் போனில் சொல்லியிருக்க முடியாது.

அந்த முதல் தடவை பிலோமினம்மா வீட்டுக்கு நான் போகவேயில்லை. அன்றைக்கு நான் வேறு முகாமில், காலில் புண்ணோடு படுத்திருந்தேன். நான் அங்கே வந்து நின்றதாகக் கேள்விப்பட்டபோது எனக்கே சிரிப்பு வந்தது. ஆனால் இயக்கத்தில் விசாரணைக்குக் கூப்பிட்டு, ஏன் அந்த வீட்டுக்குப் போனாய் என்று கேட்டார்கள். ஊரில் இருபது பேர் கண்டிருக்கிறார்கள். நான் போகவில்லை என்றால் பொய்க்காரன். என்னைப்போல இன்னொன்று போனது என்றால் பைத்தியக்காரன். பெயர் மாறிப் போய்விட்டது என்று சொன்னேன், நம்பினார்கள். மூன்று மாதம் சமையல்கூடம் என்று தண்டனை தந்தார்கள். அது தொடங்கிய மூன்றாம் நாள் அவன் உண்மையாகவே செத்தபோது, வீடு தெரிந்தவன் நீதானே என்று என்னையே அனுப்பினார்கள். பிலோமினம்மா என்னைக் கண்டதும் அழவில்லை. “அண்டைக்கே அழுதிட்டன் தம்பி” என்றா.

வாத்தியார் வீட்டுக்கும் நான் முதலில் போகவில்லை. சங்கத் தலைவர் வீட்டுக்கும் இல்லை. எங்கோ ஒரு கூட்டத்திலோ ஆஸ்பத்திரியிலோ இருப்பேன், திரும்பி வந்தால் ‘நேற்று வந்து நின்றீங்களே’ என்பார்கள். பிறகு சாவுச் செய்தி வரும். மலர்வளையத்தோடு போவேன். உறுப்பினர் வராவிட்டால் குறையாகப் பேசுவார்களே.

அம்மா செத்ததற்கு முதல்நாள் நான் கொழும்பில் இருந்தேன், கிளறி. முற்றத்தில் நின்றது நானில்லை. நின்றது நானாக இருந்தால் நான் உள்ளே போகாமல் விட்டிருப்பேனா? அம்மாவின் கையால் ஒரு வாய் தண்ணீர் குடிக்காமல் அந்த முற்றத்தைத் தாண்டியிருப்பேனா? நீ திட்டினபோது இதைச் சொல்ல வாய் வந்தது, அடக்கிக்கொண்டேன். நீ கடலுக்கு அப்பால் தனியே இருப்பவள். என்னில் உனக்குக் கோபம் இருந்தால் என்றைக்காவது ஆறும். இந்தப் பயத்தை உனக்குத் தந்துவிட்டால் நீ எப்படி நித்திரை கொள்வாய் என்று யோசித்தேன்.

அது என்னவென்று எனக்குத் தெரியாது. ஒருநாளும் நான் அதைக் கண்டதில்லை. பாதர் ஒருவரிடம் பாவசங்கீர்த்தனத்தில் சொன்னேன், இது பாவமில்லை, ஆகவே மன்னிக்கவும் ஏலாது என்றார். ஒன்று மட்டும் கவனித்திருக்கிறேன். அது முதலில் போய் நிற்கும், பின்னால் நான் போவேன். ஒவ்வொரு தடவையும் அப்படித்தான். அது போன வீட்டுக்குப் பிறகு நான் போகாமல் விட்டதே இல்லை. முதலில் இயக்கம் அனுப்பியது, பிறகு கட்சி அனுப்பியது, அம்மாவிடம் நானே ஓடினேன். போகாமல் விட்டால் என்ன நடக்குமென்று ஒருநாளும் பார்க்கவில்லை.

இந்தத் தடவை பார்க்கப்போகிறேன். டிக்கெட்டை மாற்றிவிட்டேன், ஞாயிற்றுக்கிழமை போகிறேன். ஸ்டேஷன் வாங்கிலும் வேண்டாம். சங்கத்துக்கும் கட்சிக்கும் எழுதிவிட்டேன், நான் தேர்தல் கேட்கவில்லை, இடத்தை இளம் ஆள் ஒருவருக்குக் கொடுங்கோ என்று. உறுப்பினர் என்றால் வீடு வீடாகப் போக வேண்டும். இனி எந்த வீட்டுக்கும் போகமாட்டேன். பதினெட்டு வயதிலிருந்து அடுத்தவர் வாசலில் நின்றே காலம் போய்விட்டது, போதும்.

ஒப்பரேசனைத் தள்ளிவைக்காதே. டொக்டர்மார் சொல்கிறபடி செய். நான் அந்தப் பக்கம் வரவில்லை, வரமாட்டேன். மேர்வின் கேட்டால் கொண்ணைக்கு அவசர வேலை என்று சொல்.

கஸ்பர்


இல்ஃபோர்ட்
27.10.2025

அன்புள்ள அண்ணை,

மேர்வின் இருக்கிறார்.

இதை எழுதிவிட்டு ஒரு மணித்தியாலம் பேனையைக் கீழே வைத்துவிட்டு இருந்தேன். ஒப்பரேசன் ஏழு மணித்தியாலம். ஆஸ்பத்திரிக் கொரிடோரில் ஆர் நடந்து வந்தாலும் அவர்களுடைய காலைத்தான் பார்த்தேன், முகத்தைப் பார்க்கப் பயமாக இருந்தது. வெள்ளைச் சட்டையோடு ஒருவர் கதவருகே வந்து நின்றபோது செபமாலையைக் கீழே போட்டுவிட்டேன். அவர் சர்ஜன். எல்லாம் நல்லபடி முடிந்தது என்றார். அவர் என்ன சொல்கிறார் என்பது விளங்கவே எனக்கு நேரமெடுத்தது.

இப்போது வீட்டுக்கு வந்துவிட்டார். இருந்து சாப்பிடுகிறார், சாப்பாட்டில் உப்பில்லை என்று சண்டை பிடிக்கிறார், ரீவியில் அரசியல் பார்த்து ஏசுகிறார். சந்திவரை நடந்துபோய் வந்தார். ஜி.பி. டொக்டர் பார்த்துவிட்டு ஆச்சரியப்பட்டார்.

உங்களுக்குப் போன் எடுத்தேன். உங்கள் நம்பரைத் திறந்து இரண்டு கிழமையாகிறது. மணி அடிக்கிறது, நீங்கள் எடுக்கிறீர்கள் இல்லை. றொனால்ட் அண்ணையைக் கேட்டேன், நீங்கள் ஒருவரோடும் கதைப்பதில்லை என்றார். ஆகவே கடிதம்.

அண்ணை, உங்களை நான் என்னென்ன சொல்லியிருக்கிறேன். அம்மாவின் செத்தவீட்டில் நீங்கள் வாங்கிலில் தனியே இருந்தீர்களாம், சனம் விலகி இருந்ததாம், மெற்றில்டா அக்கா சொன்னபோது நல்லா வேணும் என்று நினைத்தேன். நீங்கள் கொழும்பில் இருந்தேன் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். நான் பயந்திருப்பேன்தான். பயந்தாலும் உங்கள் தங்கச்சியாக இருந்திருப்பேன். எனக்காகக் கோபத்தைச் சுமந்தீர்கள், இவருக்காகத் தேர்தலையும் விட்டீர்கள். மன்னிச்சுக்கொள்ளுங்கோ.

நான் ஊருக்கு வாறன். டிசம்பர் பத்தாம் திகதிக்கு டிக்கெட் எடுத்துவிட்டேன். மேர்வின்தான் எடுத்துத் தந்தார். “நீர் போய்க் கொண்ணையைப் பாத்திட்டு வாரும், நான் என்ன குழந்தைப்பிள்ளையே” என்கிறார். பதினாறு வருடத்துக்குப் பிறகு. இருபத்தைந்தாம் திகதி நத்தாருக்கு உங்களோடு நிற்பேன். அம்மாவின் கல்லறைக்கு வெள்ளை அடிப்போம். உங்களை ஒருவரும் வீட்டுக்குக் கூப்பிடுகிறார்கள் இல்லை என்றால் பரவாயில்லை, உங்கள் வீட்டுக்கு நான் வாறன்.

உங்கள் தங்கச்சி
கிளறி


மன்னார்
13.11.2025

என் அன்புள்ள கிளறி,

கடிதம் செவ்வாய்க்கிழமை வந்தது. தபால்காரன் வழக்கம்போல வெளியே நின்று எறிந்துவிட்டு ஓடினான். மேர்வின் இருக்கிறார் என்கிற வரியை எத்தனை தடவை வாசித்தேன் என்று தெரியாது. சரியாகத்தான் செய்திருக்கிறேன். என் அரசியல் வாழ்க்கையில் நிறைவேற்றிய ஒரே வாக்குறுதி அதுதான் என்று நினைக்கிறேன்.

கட்சி என் இடத்தை ஒரு இளம் சட்டத்தரணிக்குக் கொடுத்துவிட்டது. நன்றாகப் பேசுவாளாம். எனக்குக் கவலையில்லை, நீ நம்ப மாட்டாய். காலையில் எழும்பினால் போவதற்கு ஒரு இடமும் இல்லை, அது மட்டும்தான் கொஞ்சம் புதிதாக இருக்கிறது. போன் எடுக்காததற்குக் கோபிக்காதே. மணி அடித்தால் யாரோ செத்த செய்தியாக இருக்கும் என்கிற பழக்கம் விடவில்லை.

இப்போது ஒரு விசயம் எழுத வேண்டும். எழுதாமல் விடலாமா என்று நேற்றுப் பின்னேரம் முழுக்க யோசித்தேன். மறைத்தால் திரும்பவும் மூன்று வருடம் என்னோடு கதைக்கமாட்டாய்.

நேற்று மத்தியானம் நீ வந்தாய்.

மூன்று நாள் மழை விட்டு வெயில் எறித்திருந்தது. முற்றமெல்லாம் வெள்ளம். நான் விறாந்தையில் இருந்து பேப்பர் பார்த்துக்கொண்டிருந்தேன். நிமிர்ந்தால் படலைக்கு வெளியே நீ நின்றாய். நீலக் குளிர்க்கோட்டு, பெரிய பொத்தான், தலைமயிரைக் கட்டையாக வெட்டியிருந்தாய். நரைத்திருந்தது. அந்த வெயிலில் கழுத்துவரை பூட்டிய கோட்டோடு நின்றாய். டிசம்பர் என்று எழுதியவள் நவம்பரிலேயே வந்துவிட்டாள் என்று எனக்குப் பிடிபடாத சந்தோசம். “கிளறி, ஏன் வெளியிலை நிக்கிறாய்? வா” என்று கத்திக்கொண்டு எழும்பினேன். நாய் குரைக்காமல் கதிரைக்குக் கீழே போய்ப் படுத்துக்கொண்டது. நான் வெள்ளத்துக்குள் இறங்கினேன், என் சாறம் முழங்கால்வரை நனைந்தது. நீ கணுக்காலளவு தண்ணீரில் நின்றாய். உன் சப்பாத்து நனையவில்லை. நீ என்னைப் பார்த்துக்கொண்டு நின்றாய், கண் வெட்டவில்லை. படலையைத் திறக்கக் குனிந்தேன். நிமிர்ந்தபோது றோட்டில் ஒருவரும் இல்லை.

உன்னிடம் அப்படி ஒரு நீலக் கோட்டு இருக்கிறதா? நான் உன்னை அந்தக் கோலத்தில் ஒரு படத்திலும் கண்டதில்லை.

பயந்தேன். பொய் சொல்லக் கூடாது. அவ்வளவு வீடுகளில் தாய்மார் என்னத்தைக் கண்டார்கள் என்று இந்த வயதில்தான் எனக்குத் தெரிந்தது. பிறகு விறாந்தையில் இருக்க இருக்கப் பயம் குறைந்துவிட்டது. அவர்களுக்கெல்லாம் யாரோ ஒரு சீருடைக்காரன் வந்து நின்றான். எனக்கு என் தங்கச்சி வந்திருக்கிறாள்.

நீ இதை வாசித்தவுடன் என்ன செய்வாய் என்று தெரியும். டிக்கெட்டைக் கிழிப்பாய். பின்னால் போகாவிட்டால் ஆள் தப்பும், மேர்வின் தப்பினார்தானே என்பாய். இருக்கலாம். நீ அங்கேயே நின்றால் நான் இன்னும் பத்து வருடம் இந்த விறாந்தையில் இருப்பேன். தபால்காரன் வெளியே நின்று எறிவான். மெற்றில்டா என்னைக் கண்டால் ஜன்னலைச் சாத்துவாள். ஏழு வருடம் அப்படி இருந்து பார்த்துவிட்டேன், கிளறி. அதில் இன்னும் பத்து வருடம் எனக்கு வேண்டாம். பதினாறு வருடமாக உன்னைக் காணவில்லை. எனக்கு உன்னைக் காண வேண்டும்.

உன்னைக் குற்றவாளியாக்குகிறேன் என்று நினைக்காதே. பிலோமினம்மா வீட்டுப் பிள்ளையை நான் கொல்லவில்லை, என்னையும் நீ கொல்லப்போவதில்லை. மேர்வினிடம் இதைச் சொல்லாதே. சொன்னால் அவரும் கூட வெளிக்கிடுவார், அந்த நெஞ்சோடு இவ்வளவு தூரம் வரக் கூடாது.

கேட்கிறேன், நீ வா. பத்தாம் திகதியே வெளிக்கிடு, திகதியை மாற்றாதே. கொழும்பிலிருந்து வானுக்குச் சொல்லியிருக்கிறேன், ஓட்டுகிற பையன் வெளியூர், என்னைப்பற்றி ஒன்றும் தெரியாது. வானிலேயே கோட்டைக் கழற்றிவிடு, இங்கே அவியும். நீ வருமட்டும் நான் இருந்தால் நானே சமைத்து வைப்பேன், இல்லாவிட்டால் கதவு திறந்திருக்கும்.

வந்ததும் வெளியே நிற்காதே. நேரே உள்ளே வா.

உன் அண்ணன்
கஸ்பர்